‘நாம்’ என்னும் நினைவு: பண்டைய இஸ்ரவேலரின் கூட்டு நினைவும் அடையாளமும்

ஆய்வுச் சுருக்கம்

பண்டைய இஸ்ரவேலர் தம்மை ஓர் இனமாக உணர்ந்தமைக்கு அடிப்படையாக அமைந்தது கூட்டு நினைவு ஆகும். எகிப்தில் அடிமைகளாக இருந்ததும் அங்கிருந்து விடுபட்டு வெளியேறியதுமாகிய நினைவு அதன் நடுவே நிற்கிறது. அந்நினைவு வரலாற்று உண்மையா, புனைவா என்னும் வினாவே நெடுங்காலம் ஆய்வுலகில் முதன்மை பெற்றிருந்தது. இக்கட்டுரை அவ்வினாவினின்று சற்று விலகி, அந்நினைவு எவ்வாறு கடமையாக்கப்பட்டது, யாரை உள்ளடக்கியது, யாரை விலக்கியது என்பவற்றை ஆராய்கிறது. எபிரேய விவிலியப் பகுதிகளோடு கல்வெட்டு, களிமண் பலகை, பாப்பிரஸ் ஏடு ஆகிய புறச்சான்றுகளும் ஒப்புநோக்கப்படுகின்றன. இஸ்ரவேலரின் கூட்டு நினைவு தொடக்கம் முதலே ஒருமுகமானதன்று. பல நினைவுகளின் போட்டியிலும் இணைப்பிலும் உருப்பெற்றது என்பது இக்கட்டுரையின் முடிபு.

திறவுச்சொற்கள்: கூட்டு நினைவு, பண்பாட்டு நினைவு, இஸ்ரவேலர், விடுதலைப் பயணம், உபாகமம், நாடுகடத்தல், எலிபன்டைன், தன்மைப் பன்மை.

1. முன்னுரை

உபாகமத்தின் ஆறாம் அதிகாரத்தில் ஒரு சிறு காட்சி அமைந்துள்ளது. வருங்காலத்தில் மகன் தன் தந்தையிடம், கடவுள் உங்களுக்கு இட்ட கட்டளைகளின் பொருள் யாது என்று வினவுவான். அப்போது தந்தை, எகிப்தில் பார்வோனுக்கு அடிமைப்பட்டிருந்ததையும் விடுவிக்கப்பட்டதையும் எடுத்துரைக்க வேண்டும் என்று அந்நூல் விதிக்கிறது. தந்தையும் எகிப்தைக் கண்டவன் அல்லன். மகனும் கண்டவன் அல்லன். ஆயினும் தந்தையின் விடை தன்மைப் பன்மையில் அமைகிறது. தான் காணாத அடிமைத்தனத்தைத் தனக்கு நேர்ந்ததாகவே அவன் கூறுகிறான்.

இவ்விடத்தில் தமிழ் அறிந்தோர் கருதத்தக்க ஒரு நுட்பம் உண்டு. எபிரேய மொழியில் தன்மைப் பன்மைப் பெயர் ஒன்றே. கேட்போரை உளப்படுத்தும் ‘நாம்’ என்பதும், உளப்படுத்தாத ‘நாங்கள்’ என்பதும் அம்மொழியில் வடிவ வேறுபாடு பெறுவதில்லை. தமிழோ அவ்வேறுபாட்டைக் கட்டாயமாக்குகிறது. தந்தையின் விடையைத் தமிழாக்குவோர், அடிமைகளாயிருந்தவர் ‘நாமா’, ‘நாங்களா’ என்று முடிவு செய்தே ஆக வேண்டும். ‘நாங்கள்’ எனின் மகன் நினைவிற்குப் புறத்தே நின்று கேட்பவன் ஆகிறான்; ‘நாம்’ எனின் அவனும் அடிமையாயிருந்து மீண்டவருள் ஒருவன் ஆகிறான். மூலத்தில் மகன் ‘உங்களுக்கு’ என்று விலகி நின்று வினவுகிறான். தந்தையின் விடை முடியும்போது கட்டளைகள் ‘நமக்கு’ நன்மையாக அமைந்தவை என்னும் நிலை பிறக்கிறது. ‘நாங்கள்’ என்பதை ‘நாம்’ ஆக்கும் செயலே இங்கு நிகழ்கிறது. கூட்டு நினைவின் பணி யாது என்பதற்கு இதனினும் சுருங்கிய சான்று காண்டல் அரிது.

‘நாம்’ என்பதன் எல்லை எவ்வாறு வகுக்கப்பட்டது, அவ்வெல்லைக்குள் யார் வந்தனர், யார் வெளியே நிறுத்தப்பட்டனர் என்னும் வினாக்களே இக்கட்டுரையை வழிநடத்துகின்றன. விவிலியப் பெயர்கள் தமிழில் நெடுநாள் வழங்கிவரும் வடிவிலேயே ஆளப்படுகின்றன.

2. கோட்பாட்டுப் பின்புலம்

நினைவு என்பது தனிமனித உள்ளத்தின் செயல் மட்டுமன்று, சமூகச் சட்டகங்களுக்குள் உருவாவது என்னும் கருத்தைப் பிரெஞ்சுச் சமூகவியலறிஞர் மாரிஸ் ஆல்ப்வாக்ஸ் 1925இல் வெளியிட்ட நூலில் நிறுவினார். குடும்பம், சமயக் குழு, வகுப்பு ஆகியவை தத்தம் உறுப்பினர் எதை நினைக்கலாம், எவ்வாறு நினைக்கலாம் என்பதற்குச் சட்டகம் தருகின்றன. 1941இல் அவர் எழுதிய மற்றொரு நூல், கிறித்தவ மரபு பாலஸ்தீன நிலப்பரப்பில் தன் நினைவுகளை எவ்வாறு இடங்களோடு பிணைத்தது என்பதை ஆராய்ந்தது. நிகழ்காலத் தேவைக்கேற்பக் கடந்தகாலம் மறுஆக்கம் பெறுகிறது என்பது அவர் ஆய்வின் சாரம்.

இதனை மேலும் விரித்தவர் எகிப்தியலறிஞர் யான் அஸ்மான். 1992இல் வெளிவந்த அவருடைய நூல் நினைவை இருவகைப்படுத்தியது. வாழ்வோர் தம்முள் பேசிப் பகிரும் நினைவு, மூன்று தலைமுறை அல்லது எண்பது முதல் நூறு ஆண்டு அளவில் மங்கிவிடும். இதனை உரையாடல் நினைவு எனலாம். சடங்கு, நூல், நினைவுச்சின்னம், திருவிழா ஆகியவற்றில் நிலைபெற்றுப் பல நூற்றாண்டுகள் தொடர்வது பண்பாட்டு நினைவு. முதலாவது இரண்டாவதாக மாறும் தருணம் ஓர் இனத்தின் வாழ்வில் நெருக்கடியான தருணம் என்றும், உபாகமம் அத்தருணத்தின் ஆவணம் என்றும் அஸ்மான் கருதினார். மோசேயோடு பாலைநிலம் கடந்த தலைமுறை மறைய, கண்ணால் கண்டோர் இல்லாத காலம் தொடங்கும் எல்லையில் அந்நூல் தன்னை நிறுத்திக்கொள்கிறது.

யூத வரலாற்றறிஞர் யோசெப் ஹயீம் யெருஷால்மி 1982இல் எழுதிய நூலில், நினைத்தலைக் குறிக்கும் ‘ஸாகர்’ என்னும் எபிரேய வினை பல்வேறு வடிவங்களில் விவிலியத்தில் 169 இடங்களில் வருவதைச் சுட்டினார். கடவுளும் இஸ்ரவேலும் அவ்வினையின் எழுவாய்களாகப் பெரும்பாலும் அமைகின்றனர். இவ்வினை உள்ளத்தில் எண்ணுதலோடு அமைவதில்லை. நினைத்ததற்கு ஏற்பச் செயல்படுதலையும் குறிக்கிறது. கடவுள் ஒருவரை நினைத்தார் எனின் அவருக்கு உதவினார் என்பதே பொருள். தமிழ் மொழிபெயர்ப்புகளில் ஆளப்படும் ‘நினைவுகூர்’ என்னும் சொல், வெறும் எண்ணத்தைக் கடந்து விழாவெடுத்தலையும் உணர்த்துவதால் இப்பொருளுக்கு அணுக்கமாக நிற்கிறது.

3. கல்லில் உள்ள இஸ்ரவேல்

இஸ்ரவேல் என்னும் பெயர் விவிலியத்திற்கு வெளியே முதன்முதலில் காணப்படுவது எகிப்திய அரசன் மெர்நெப்தாவின் வெற்றிக் கல்வெட்டில் ஆகும். ஏறத்தாழக் கி.மு. 1208ஐச் சேர்ந்த இக்கல்வெட்டை 1896இல் பிளிண்டர்ஸ் பெட்ரி தீப்ஸ் நகரில் கண்டெடுத்தார். கானான் நகரங்கள் சிலவற்றோடு இஸ்ரவேலையும் அழித்ததாக அரசன் அதில் பெருமை கொள்கிறான். நகரங்களின் பெயர்களுக்கு நாட்டைக் குறிக்கும் எழுத்துக்குறி இடப்பட்டிருக்க, இஸ்ரவேல் என்னும் பெயருக்கு மட்டும் மக்கட்குழுவைக் குறிக்கும் குறி இடப்பட்டுள்ளது. எனவே கி.மு. 13ஆம் நூற்றாண்டின் இறுதியில் அப்பெயருடைய மக்கள் கானானில் வாழ்ந்தனர் என்பது உறுதி. அவர்கள் எகிப்திலிருந்து வந்தவர்கள் என்பதற்கு அக்கல்வெட்டில் குறிப்பேதும் இல்லை.

தொல்லியற் சான்று வேறொரு திசையைக் காட்டுகிறது. கி.மு. 12, 11ஆம் நூற்றாண்டுகளில் கானானின் நடு மலைப்பகுதியில் இருநூற்றுக்கும் மேற்பட்ட சிற்றூர்கள் புதிதாகத் தோன்றின. அவற்றின் மட்பாண்டம், மொழி, எழுத்து ஆகியவை கானானிய மரபின் தொடர்ச்சியாகவே உள்ளன. இம்மக்களுள் பெரும்பாலோர் கானானிலேயே தோன்றியவர் என்னும் கருத்து இன்று பரவலாக ஏற்கப்படுகிறது. அவ்வாறாயின், தாம் வேற்று நாட்டிலிருந்து வந்தவர், இந்நிலத்தில் முன்பு அந்நியர் என்னும் நினைவை அம்மக்கள் ஏன் கைக்கொண்டனர்? பண்டைய இனங்கள் தம்மை மண்ணின் மைந்தராகவும் தெய்வங்களின் வழித்தோன்றலாகவும் கூறிக்கொள்வதே பெருவழக்கு. அடிமைத்தனத்தைத் தன் தொடக்கமாகக் கூறிக்கொள்ளும் மரபு அருகியே காணப்படும்.

இதற்கு விடையாக ரொனால்ட் ஹெண்டல் 2001இல் எழுதிய கட்டுரையில் ஒரு கருத்தை முன்வைத்தார். கி.மு. 15 முதல் 12ஆம் நூற்றாண்டு வரை கானான் எகிப்தியப் பேரரசின் ஆட்சியின்கீழ் இருந்தது. திறை, கட்டாய உழைப்பு, போர்க் கைதிகளை எகிப்திற்குக் கொண்டு செல்லுதல் ஆகியவை அக்காலத்தில் நிகழ்ந்தவை. அடிமைப்பட்டோர் எகிப்தில் மட்டுமன்றிக் கானானிலும் இருந்தனர். எகிப்திலிருந்து தப்பி வந்த ஒரு சிறு குழுவின் கதை, எகிப்திய ஆட்சியின் சுமையைத் தம் மண்ணிலேயே தாங்கிய பிறருக்கும் பொருந்துவதாயிற்று. பலருடைய துன்பம் ஒரு கதைக்குள் அடங்கியது. மோசே, பினெகாஸ் முதலிய பெயர்கள் எகிப்திய மொழிக்குரியவை என்பதும், யாத்திராகமத்தில் ராமசேஸ் என்னும் நகரப்பெயர் வருவதும், கதையில் பழைய கூறுகள் தங்கியிருப்பதைக் காட்டும். இவ்வாறு நோக்கின், நினைவு என்பது நிகழ்ச்சியின் பதிவும் அன்று. வெறும் புனைவும் அன்று. பல அனுபவங்களை ஒரு வடிவில் சேர்த்துத் தரும் ஆக்கம் எனலாம்.

4. நினைவு கடமையாதல்

இந்நினைவைத் தலைமுறைதோறும் கடத்துவதற்கு மூன்று வழிகள் விவிலியத்தில் தெளிவாகத் தெரிகின்றன.

முதலாவது, வினாவும் விடையும். முன்னுரையில் சுட்டிய உபாகமப் பகுதியேயன்றி, யாத்திராகமம் 12, 13ஆம் அதிகாரங்களிலும் யோசுவா 4ஆம் அதிகாரத்திலும் பிள்ளையின் வினா இடம்பெறுகிறது. பஸ்காச் சடங்கும், தலையீற்றை மீட்கும் வழக்கமும், யோர்தானிலிருந்து எடுத்துக் கில்காலில் நாட்டப்பட்ட பன்னிரு கற்களும் பிள்ளையின் வியப்பைத் தூண்டுவன. அவ்வியப்பே கதை சொல்வதற்கு வாயிலாகிறது. பொருளும் சடங்கும் தாமே பேசுவதில்லை. அவை வினாவை எழுப்புகின்றன. வினாவே நினைவைப் புதுப்பிக்கிறது.

இரண்டாவது, வாய்மொழிக் கூற்று. உபாகமம் 26ஆம் அதிகாரம், அறுவடையின் முதற்கனியைக் கூடையில் கொண்டுவரும் உழவன் கூற வேண்டிய உரையை விதிக்கிறது. கெர்ஹார்ட் ஃபான் ராட் 1938இல் இதனைச் சிறு வரலாற்று அறிக்கை எனக் கொண்டு, ஆறு நூல்களின் கட்டமைப்பிற்கே இது கரு என்று வாதிட்டார். இவ்வுரை அத்துணைப் பழமையானதன்று என்று பின்வந்தோர் காட்டினர். ஆயினும் அதன் இலக்கண அமைப்பு ஊன்றி நோக்கத்தக்கது. அலைந்து திரிந்த அரமேயனாகிய மூதாதையைப் பற்றிப் படர்க்கை ஒருமையில் உரை தொடங்குகிறது. எகிப்தியர் இழைத்த துன்பத்தைக் கூறும்போது அது தன்மைப் பன்மைக்கு மாறுகிறது. முடிவில், இதோ கனியைக் கொண்டுவந்தேன் எனத் தன்மை ஒருமையில் நிற்கிறது. ‘அவன்’ என்பதிலிருந்து ‘நாங்கள்’ வழியாக ‘நான்’ என்பதை அடையும் இப்பயணத்தில், நிலத்தை உழும் உழவன் தன்னை நிலமற்றோரின் வழித்தோன்றலாக அறிகிறான்.

மூன்றாவது, காலத்தின் ஒழுங்கு. பத்துக் கட்டளைகள் விவிலியத்தில் இருமுறை தரப்பட்டுள்ளன. ஓய்வுநாளைக் கடைப்பிடிக்க வேண்டியதற்கு யாத்திராகமம் 20 கூறும் காரணம் படைப்பு: கடவுள் ஆறு நாளில் உலகைப் படைத்து ஏழாம் நாள் ஓய்ந்தார் என்பது. உபாகமம் 5 கூறும் காரணமோ எகிப்து: அடிமையாக இருந்ததை நினைத்து, வேலைக்காரனும் வேலைக்காரியும் ஓய்வு பெறச் செய்ய வேண்டும் என்பது. ஒரே கட்டளை, இருவேறு நினைவுகளின்மேல் நிறுத்தப்படுகிறது. கட்டளை மாறாதிருக்க அதன் அடிப்படை மாறுவது, நினைவு எத்துணை நெகிழ்வுடையது என்பதைப் புலப்படுத்தும். வேளாண் விழாவாக விளங்கியிருக்கக்கூடிய புளிப்பில்லா அப்பப் பண்டிகையும் கூடாரப் பண்டிகையும் விடுதலைக் கதையோடு இணைக்கப்பட்டமையும் இத்தகையதே. ஆண்டின் பருவச் சுழற்சி, வரலாற்றின் நினைவுச் சுழற்சியாக ஆக்கப்பட்டது.

5. வடக்கின் நினைவும் தெற்கின் நினைவும்

எகிப்து நினைவு தொடக்கத்தில் எல்லா இஸ்ரவேலருக்கும் ஒரே அளவில் உரியதாக இருந்தது என்பதற்குச் சான்று இல்லை. கி.மு. 8ஆம் நூற்றாண்டில் வடநாடாகிய இஸ்ரவேலில் உரைத்த ஓசியாவும் ஆமோஸும் எகிப்திலிருந்து வெளியேறியதைக் குறிப்பிடுகின்றனர். அதே நூற்றாண்டில் எருசலேமில் உரைத்த ஏசாயாவின் உரைகளில் சீயோன் மலையும் தாவீதின் அரசகுலமுமே முதன்மை பெறுகின்றன. 1 இராஜாக்கள் 12ஆம் அதிகாரம், யெரொபெயாம் பெத்தேலிலும் தாணிலும் கன்றுக்குட்டி உருவங்களை நிறுவியபோது எகிப்திலிருந்து மீட்ட தெய்வமென்றே அவற்றை அறிமுகம் செய்ததாகக் கூறுகிறது. அரசனைப் பழிக்கும் நோக்குடைய அப்பகுதியே, விடுதலை நினைவு வடநாட்டுக் கோயில்களின் உடைமையாக இருந்தமைக்குச் சான்றாகிறது.

ஆமோஸின் ஒரு கூற்று மேலும் வியப்புக்குரியது. ஒன்பதாம் அதிகாரத்தில், இஸ்ரவேலரை எகிப்திலிருந்து கொண்டுவந்த கடவுளே பெலிஸ்தரைக் கப்தோரிலிருந்தும் அரமேயரைக் கீரிலிருந்தும் கொண்டுவந்தவர் என்று அத்தீர்க்கதரிசி கூறுகிறார். தமக்கே உரியதென்று கருதப்பட்ட நினைவு, பகைவருக்கும் உரிய பொது நிகழ்ச்சியாக ஆக்கப்படுகிறது. நினைவு தற்பெருமையாக இறுகும்போது அதனை அம்மரபின் உள்ளிருந்தே தகர்க்கும் குரல் இது.

கி.மு. 722 அளவில் சமாரியா அசீரியரிடம் வீழ்ந்தது. வடநாட்டினர் பலர் தெற்கே யூதாவிற்கு வந்தனர் என்றும், அவர்களோடு ஓசியாவின் உரைகள் முதலான வட மரபுகளும் எருசலேமை அடைந்தன என்றும் ஆய்வாளர் பலர் கருதுவர். ஒரு நூற்றாண்டுக்குப் பின், கி.மு. 622இல், யோசியா மன்னன் காலத்தில் கோயிலில் ஒரு சட்டநூல் கண்டெடுக்கப்பட்டதாக 2 இராஜாக்கள் கூறுகிறது. அது உபாகமத்தின் பழைய வடிவம் என்பது நெடுநாளைய ஆய்வுக் கருத்து. அந்நூலின்படி நிகழ்த்தப்பட்ட பஸ்கா, நியாயாதிபதிகளின் காலந்தொட்டு அவ்வாறு நிகழ்ந்ததில்லை என்று அப்பகுதி குறிக்கிறது. புதியதொன்று பழையதன் மீட்சியாக அறிவிக்கப்படுகிறது. இங்கு ‘மறந்தோம்’ என்னும் கூற்று, புதிய நினைவை நிலைநாட்டும் கருவியாகச் செயல்படுகிறது.

6. நாடிழப்பும் நூலாக்கமும்

கி.மு. 597இல் யோயாக்கீன் மன்னன் பாபிலோனுக்குக் கொண்டு செல்லப்பட்டான். கி.மு. 586 அளவில் எருசலேமும் கோயிலும் அழிந்தன. அரசு, கோயில், நிலம் ஆகிய மூன்று சட்டகங்களும் ஒருங்கே முறிந்தன. ஆல்ப்வாக்ஸ் கூறியவாறு சட்டகமின்றி நினைவு நில்லாது எனின், இஸ்ரவேலரின் நினைவு அங்கேயே அற்றுப்போயிருக்க வேண்டும்.

அவ்வாறு ஆகவில்லை என்பதற்குப் புறச்சான்றுகள் உள. பாபிலோனிய அரண்மனையின் உணவுப் பங்கீட்டுப் பலகைகளில் யோயாக்கீனும் அவன் மக்களும் பெற்ற எண்ணெய் குறிக்கப்பட்டுள்ளது. யூதாவின் மன்னன் என்னும் பட்டம் அங்கும் அவனுக்கு வழங்குகிறது. 2014இல் வெளியிடப்பட்ட களிமண் பலகைத் தொகுதி, பாபிலோனிய நாட்டுப்புறத்தில் அல்-யாகூது என்னும் ஊர் இருந்ததைக் காட்டுகிறது. யூதா நகர் என்பது அதன் பொருள். கி.மு. 572 முதல் 477 வரையிலான அப்பலகைகள் நில ஒப்பந்தம், வரி, கடன் முதலிய அன்றாட ஆவணங்களே. அவற்றில் வேதமும் இல்லை, புலம்பலும் இல்லை. ஆனால் யாகுவே என்னும் கடவுட்பெயரைத் தாங்கிய மக்கட்பெயர்கள் தலைமுறை கடந்தும் தொடர்கின்றன. ஊர்ப்பெயரும் மக்கட்பெயரும் நினைவின் சிறு கலங்களாயின.

இழப்பே நினைவின் பொருளாகவும் மாறியது. சகரியா 7, 8ஆம் அதிகாரங்கள் நான்காம், ஐந்தாம், ஏழாம், பத்தாம் மாதங்களின் நோன்புகளைக் குறிப்பிடுகின்றன. அவை எருசலேம் அழிவின் கட்டங்களோடு தொடர்புடையவை. வெற்றியைக் கொண்டாடும் நாட்காட்டியோடு தோல்வியை நினைக்கும் நாட்காட்டியும் உருவாயிற்று.

எனினும் எந்தக் கடந்தகாலத்தை நினைப்பது என்பதில் போட்டி எழுந்தது. நாடுகடத்தப்படாமல் இடிபாடுகளிடையே எஞ்சியோர், ஆபிரகாம் ஒருவராயிருந்தும் நிலத்தைப் பெற்றார், பலராகிய எமக்கு அது உரியதே என்று வாதிட்டதை எசேக்கியேல் 33ஆம் அதிகாரம் பதிவு செய்து மறுக்கிறது. நிலத்தில் எஞ்சியோர்க்கு ஆபிரகாம். நிலத்தை இழந்தோர்க்கு எகிப்திலிருந்து வெளியேற்றம். மூதாதையர் கதையும் விடுதலைக் கதையும் தொடக்கத்தில் இருவேறு தோற்ற மரபுகள் என்று தாமஸ் ரோமர், கான்ராட் ஷ்மித் ஆகியோர் வாதிடுவதற்கு இப்பகுதி துணைசெய்கிறது. இறுதி வடிவம் பெற்ற ஐந்நூலில் இவ்விரண்டும் ஒரே தொடர்கதையாக இணைந்துள்ளன. ஆபிரகாமும் கல்தேயரின் ஊர் நகரிலிருந்து புறப்பட்டவராகக் காட்டப்படுகிறார். பாபிலோனிலிருந்து மீள்வோர் அவரிடத்தில் தம் வழியையே கண்டிருக்கக்கூடும். போட்டியிட்ட நினைவுகளுள் ஒன்றை அழிக்காமல் இரண்டையும் வரிசைப்படுத்தியமை, அந்நூலைத் தொகுத்தோரின் பெருஞ்செயலாகும்.

மறத்தலுக்கான அழைப்பும் இக்காலத்ததே. எரேமியா 16ஆம் அதிகாரம், எகிப்திலிருந்து மீட்ட கடவுள்மேல் ஆணையிடும் வழக்கம் நீங்கி, வடநாட்டிலிருந்து மீட்ட கடவுள்மேல் ஆணையிடும் காலம் வரும் என்கிறது. ஏசாயா 43ஆம் அதிகாரம் முந்தியவற்றை நினையாதிருக்கச் சொல்லி, அதே மூச்சில் பாலைநிலத்தில் புதுவழி பிறக்கும் என்று பழைய விடுதலையின் உருவகத்தையே ஆள்கிறது. பழையதை மறக்கச் சொல்வதற்கும் பழையதன் மொழியே தேவைப்பட்டது.

7. எலிபன்டைன்: ஒரு மாற்றுச் சான்று

விவிலியம் காட்டும் நினைவே எல்லா யூதருக்கும் பொதுவாக இருந்ததா என்பதைச் சோதிக்க ஓர் அரிய வாய்ப்பு உண்டு. எகிப்தின் தென்னெல்லையில், நைல் நதியின் எலிபன்டைன் தீவில், கி.மு. 5ஆம் நூற்றாண்டில் பாரசீகப் பேரரசின் படைவீரராக யூதர் வாழ்ந்தனர். அவர்கள் விட்டுச்சென்ற அரமேய மொழிப் பாப்பிரஸ் ஏடுகள் திருமணம், வீட்டுரிமை, கடன், கோயில் ஆகியவை பற்றி விரிவாகப் பேசுகின்றன.

அங்கு யாகு என்னும் பெயரில் கடவுளுக்குக் கோயில் இருந்தது. எருசலேமுக்கு வெளியே பலியிடலாகாது என்னும் உபாகம விதி அவர்களைத் தடுத்ததாகத் தெரியவில்லை. கி.மு. 419ஐச் சேர்ந்த மடல் ஒன்று புளிப்பில்லா அப்ப நாட்களைக் கடைப்பிடிக்குமாறு பணிக்கிறது; எஞ்சிய பகுதியில் எகிப்திலிருந்து வெளியேறிய கதை இல்லை. அங்குக் கிடைத்த ஏடுகளில் மோசேயின் பெயரும் இல்லை. ஐந்நூலின் படியும் இல்லை. இலக்கியமாகக் கிடைத்தவை அகிக்கார் என்னும் அறிஞரின் கதையும், தாரியு மன்னனின் பெகிஸ்தூன் கல்வெட்டின் அரமேய வடிவமுமே. எகிப்தில் வாழ்ந்துகொண்டு, எகிப்திலிருந்து விடுபட்டதைப் பேசாத யூதர் இவர்கள்.

நினைவே அற்றவர்கள் என்று இவர்களைக் கருதிவிடலாகாது. கி.மு. 410இல் க்நூம் தெய்வத்தின் பூசாரிகள், உள்ளூர் பாரசீக அதிகாரியின் துணையோடு இக்கோயிலை இடித்தனர். கி.மு. 407இல் யூதாவின் ஆளுநருக்கு எழுதிய விண்ணப்பத்தில், தம் முன்னோர் எகிப்திய அரசர் காலத்திலேயே அக்கோயிலைக் கட்டினர் என்றும், காம்பிசஸ் எகிப்தைக் கைப்பற்றியபோது எகிப்தியக் கோயில்கள் வீழ்த்தப்பட்டும் தம் கோயில் தீண்டப்படவில்லை என்றும் அவர்கள் எடுத்துரைத்தனர். கோயில் இடிந்த நாள் முதல் இரட்டுடுத்து நோன்பிருப்பதாகவும் கூறினர். இதுவும் கூட்டு நினைவே; முன்னோர், கட்டடம், பேரரசு, இழப்பு ஆகிய கூறுகள் அனைத்தும் இதில் உள. ஆனால் அது எகிப்தை விட்டு நீங்கிய நினைவன்று. எகிப்தில் வேரூன்றிய நினைவு.

இச்சான்றின் பொருள் யாது? ஏடுகளில் இன்மை, உள்ளத்தில் இன்மைக்கு முழுச் சான்றாகாது; சட்ட ஆவணங்களில் தொன்மக் கதையை எதிர்பார்க்கவும் இயலாது. எனினும் ஒன்று தெளிவு. யூதர் என்னும் பெயரும், யாகு வழிபாடும், புளிப்பில்லா அப்பமும் எகிப்து விடுதலைக் கதையின்றியும் இயங்கக்கூடியனவாக இருந்திருக்கலாம். நூல்வழி நினைவு வெற்றிபெற்றதால், அதுவே என்றும் இருந்தது போல் தோன்றுகிறது. எலிபன்டைன் நினைவைத் தாங்கிச் செல்லப் பிள்ளையின் வினாவும் தந்தையின் விடையும் அடங்கிய நூல் உருவாகவில்லை. குடியிருப்பு மறைந்தபோது நினைவும் மறைந்தது. பாலைநில மணல் காத்திராவிடில் அதனை நாம் அறிந்திருக்க வழியில்லை.

8. நினைவின் இருமுகம்

நெகேமியா 8ஆம் அதிகாரம், எஸ்றா மக்கள் கூட்டத்தின் முன் சட்டநூலை வாசித்ததையும், லேவியர் பொருள் விளக்கியதையும், மக்கள் அழுததையும் கூறுகிறது. தந்தை மகனுக்குக் கூறிய நினைவு, இங்கு நூலாக மக்கள் முன் நிற்கிறது. இந்நூலுக்குள் யார் ‘நாம்’ என்னும் வினா முன்னினும் கூர்மையாக எழுகிறது.

எகிப்து நினைவிலிருந்து இருவேறு விதிகள் பிறக்கின்றன. அந்நியனை ஒடுக்காதே, அந்நியனின் உள்ளத்தை நீ அறிவாய் என்பது யாத்திராகமம் 23இன் கருத்து. அவனைத் தன்னைப் போல் நேசிக்க வேண்டும் என்று லேவியராகமம் 19 மேலும் செல்கிறது. வயலில் மறந்துவிட்ட கதிர்க்கட்டு அந்நியனுக்கும் அனாதைக்கும் கைம்பெண்ணுக்கும் உரியது என்னும் உபாகமம் 24ஆம் அதிகார விதியும் அடிமைத்தன நினைவையே காரணமாகக் காட்டுகிறது. துன்ப நினைவு இங்கு அறத்தின் ஊற்றாகிறது.

மறுபுறம், அதே வழிப்பயணத்தின் நினைவு அமலேக்கியரை நோக்கித் திரும்பும்போது பகையின் ஊற்றாகிறது. களைத்துப் பின்தங்கியோரை அவர்கள் தாக்கியதை மறவாதே என்றும், அவர்களின் நினைவையே வானத்தின்கீழ் இல்லாமல் அழிக்க வேண்டும் என்றும் உபாகமம் 25 விதிக்கிறது. இதில் உள்ள முரண் வெளிப்படை. அழிக்கப்பட வேண்டிய பெயரை மறக்கலாகாது என்னும் கட்டளையே அப்பெயரை இன்றளவும் காத்துவருகிறது.

எஸ்றா நூலில் ‘நாடுகடத்தலின் மக்கள்’ என்னும் தொடர் இஸ்ரவேலுக்கு இணையாகவே ஆளப்படுகிறது. நிலத்தில் வாழ்ந்தோர் கோயிற்பணியில் சேர முன்வந்தபோது மறுக்கப்பட்டனர். வேற்றினப் பெண்களை மணந்தோர் அவர்களை விலக்கவேண்டும் என முடிவாயிற்று. பாபிலோனில் துன்புற்ற நினைவு, துன்பத்தில் பங்குபெறாதோரை விலக்கும் வேலியாயிற்று. எனினும் மோவாபியப் பெண்ணாகிய ரூத்தைத் தாவீதின் மூதாட்டியாகக் காட்டும் நூலும் அதே தொகுதிக்குள் இடம்பெற்றுள்ளது. கெரிசீம் மலையில் வழிபட்ட சமாரியரோ, எருசலேமை ஏற்காமலே ஐந்நூலைத் தம் வேதமாகக் கொண்டு, தாமே உண்மை இஸ்ரவேலர் என்று இன்றுவரை கூறி வருகின்றனர். ஒரே நினைவு நூலிலிருந்து இரண்டு ‘நாம்’ பிறத்தல் கூடும் என்பதற்கு அவர்கள் வாழும் சான்று.

9. முடிவுரை

மேற்கண்ட ஆய்விலிருந்து பின்வரும் முடிபுகள் பெறப்படுகின்றன.

இஸ்ரவேலரின் கூட்டு நினைவை வரலாறு அல்லது புனைவு என்னும் இருமையில் அடக்க இயலாது. எகிப்திய ஆட்சியின்கீழ் பல குழுக்கள் பெற்ற அனுபவங்கள் ஒரு கதையில் குவிந்தன என்பதே கிடைக்கும் சான்றுகளோடு பொருந்துகிறது.

அந்நினைவு இயல்பாகத் தொடர்ந்ததன்று. வினா, வாய்மொழிக் கூற்று, காலவொழுங்கு ஆகியவற்றின் வழியே கடமையாக்கப்பட்டது. நாடும் கோயிலும் அரசும் அழிந்தபின் நூலே நினைவின் சட்டகமாயிற்று.

வடக்கு, தெற்கு, நிலத்தில் எஞ்சியோர், நாடுகடத்தப்பட்டோர், எலிபன்டைன் குடியினர், சமாரியர் எனப் பல நினைவுக் குழுக்கள் இருந்தன. நமக்குக் கிடைத்துள்ள விவிலியம் அவற்றுள் சிலவற்றின் இணைப்பு. இணைத்தபோதும் முரண்களை முற்றும் நீக்காமையால், விலக்கப்பட்ட குரல்களின் தடம் அதில் எஞ்சியுள்ளது.

துன்ப நினைவு தன்னளவில் அறமும் அன்று, பகையும் அன்று. அந்நியனை நேசிக்கச் சொன்னதும், அமலேக்கின் பெயரை அழிக்கச் சொன்னதும், அயல்மனைவியரை விலக்கச் சொன்னதும் ஒரே மரபே. அந்நினைவை ஓதுவோர் ‘நாம்’ என்னும் சொல்லுக்குள் யாரைச் சேர்க்கின்றனர் என்பதே அதன் திசையை முடிவு செய்கிறது.

தன்மைப் பன்மையை இருவகையாகப் பிரித்து வழங்கும் தமிழ், இவ்வினாவை மொழிபெயர்ப்பாளர் ஒவ்வொருவர் முன்னும் வைக்கிறது. எபிரேய மூலம் திறந்து வைத்துள்ள வாயிலில் மகனை உள்ளே அழைப்பதா, வெளியே நிறுத்துவதா என்று அவர் முடிவு செய்கிறார். தமிழ் விவிலிய மொழிபெயர்ப்புகள் அனைத்திலும் இவ்விடங்களைத் தொகுத்து ஒப்பிட்டு ஆராய்தல், மொழியியலுக்கும் நினைவாய்வுக்கும் ஒருங்கே பயன்தரும் மேலாய்வுக் களமாகும்.